பேன் தேடி வந்தவள்

உலகமே பேனை ஒழிக்க வழி தேடிக்கொண்டிருக்க, ஒரு பேன் கிடைக்காதா என்று பஸ் ஏறி வந்தவள் சித்ரகலா ஒருத்தியாகத்தான் இருப்பாள். பையில் ஸ்பிரிட் ஊற்றிய சின்னச் சின்னக் குப்பிகள், ஒரு இடுக்கி, ஒரு பேன் சீப்பு. அருள்புரத்தில் இறங்கி பனியன் கம்பெனியின் பெண்கள் விடுதிக்கு அவள் நடந்த நடையில் பாதி ஓட்டம். வழியெல்லாம் தலையைச் சொறிந்துகொண்டாள். இருபத்துநாலு மணி நேரமும் பேன் நினைப்பாகவே இருந்தால் தலை அரிக்கத்தானே செய்யும்!

தாராபுரத்துப் பெண், கோவையில் விலங்கியல் ஆராய்ச்சி. பேனின் மரபணுவை வைத்தே மனிதன் துணி உடுத்தத் தொடங்கிய காலத்தை வெளிநாட்டு விஞ்ஞானிகள் சிலர் கணக்கிட்டிருந்தார்கள். போன வருஷம், 2003இல், அந்தக் கட்டுரையைப் படித்ததிலிருந்து அவளுக்கு வேறு எதிலும் மனசு ஒட்டவில்லை. நம் ஊர்ப் பேனையும் அந்தக் கணக்கில் சேர்த்துப் பார்த்தே தீருவது என்று பேராசிரியரை நச்சரித்தாள். அவர் ஒருவழியாக இறங்கி வந்தார். "ஞாயிற்றுக்கிழமைக்குள் இரண்டு தலையிலிருந்தாவது பேன் கொண்டு வா. இல்லையென்றால் பேசாமல் அரிசி வண்டு ஆராய்ச்சிக்குப் போய்விடு" என்றார். அரிசி வண்டின் மேல் அவளுக்கு எந்தக் கோபமும் இல்லை. ஆனால் அதற்காக ஐந்து வருஷத்தைக் கொடுக்க முடியுமா?

அன்றுதான் அந்த ஞாயிற்றுக்கிழமை.

இரண்டு வாரத்துக்கு முன்பே அனுமதி கேட்க ஒருமுறை வந்திருந்தாள். பேச்சு நீண்டு பஸ்ஸைத் தவறவிட்டு, தெற்கத்திப் பெண்களோடு ஒரே பாயில் தலையோடு தலை வைத்துப் படுத்துத் தூங்கினாள். காலையில் வார்டன் சாமியாத்தாளிடம் விஷயத்தைச் சொல்லப் போனபோது, 'பேன்' என்ற சொல் தொண்டையிலேயே நின்றுவிட்டது. வயசுப் பெண்கள் இருக்கும் இடத்தில் பேன் வேண்டும் என்று எப்படிக் கேட்பது? "ரெண்டு வாரங்கழிச்சு ஞாயித்துக்கெழம வர்றனுங்க, புள்ளைங்க தலையை ஒருக்கா செக் பண்ணோணுங்க" என்று மட்டும் சொல்லிவிட்டுக் கிளம்பினாள்.

அங்கேதான் கோட்டை விட்டாள். செக் பண்ண ஆள் வருகிறது என்றால் பனியன் கம்பெனிக்காரர்கள் என்ன செய்வார்கள் என்று அவள் யோசிக்கவில்லை. வெளிநாட்டிலிருந்து சரக்கு வாங்கும் பையர் வருகிறான் என்றால் முதல்நாளே சுவருக்கு வெள்ளை அடிப்பார்கள், குளியலறையில் புதுச் சோப்பு வைப்பார்கள், பஞ்சு பறக்காமல் கூட்டித் தள்ளுவார்கள். ஆள் வந்து தேடும்போது ஒரு குறை கண்ணில் படக்கூடாது.

இப்போது விடுதிக் கூடத்தில் நுழைந்ததுமே வேப்பெண்ணெய் வாடை ஆளைத் தூக்கியது. பெண்கள் வரிசையாக, பளபளவென்று தலை சீவி உட்கார்ந்திருந்தார்கள்.

"வாங்க கண்ணு!" என்றாள் சாமியாத்தாள், முகமெல்லாம் பெருமையாக. "நீங்க வர்றீங்கன்னு அல்லாத்துக்கும் மருந்து வெச்சு, ரெண்டு நாளா ஈரு, பேனு ஒண்ணு விடாம எடுத்துப்போட்டமுங்க. எந்தத் தலைய வேணும்னாலும் பாருங்க!"

சித்ரகலா ஒவ்வொரு தலையாகப் பார்த்தாள். வகிடு வகிடாகப் பிரித்துப் பார்த்தாள். செத்த ஈர்கூட இல்லை. கடைசித் தலையையும் பார்த்து முடித்தபோது அரிசி வண்டுகள் அவள் கண்முன் ஊர்ந்தன.

"அக்கா, எனக்குப் பேன்தாங்க வேணும்!" என்று வெடித்துவிட்டாள்.

சாமியாத்தாளின் முகம் கறுத்தது. "ஏனுங்க, எங்க ஹாஸ்டல்ல பேன் கெடக்குதுன்னு எழுதிப்போடறதுக்கா வந்தீங்க? பையர் காதுக்குப் போனா என்ன ஆவறது? எங்க பேரெல்லாம் எழுதாதீங்க, ஆமா."

"இல்லீங்கக்கா!" சித்ரகலா தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள். இனி வெட்கப்பட்டு என்ன ஆகப்போகிறது? கொட்டித் தீர்த்தாள். "ஆதியில நம்ம முன்னோருக்கு ஒடம்பெல்லாம் முடி. அது உதிர்ந்ததும் பேன் தலையில மட்டும் ஒதுங்கிருச்சு. அப்புறம் மனுசன் துணி உடுத்துனான். தலையில இருந்த பேன்ல ஒரு கூட்டம் துணிக்குக் குடிபோயி சீலைப்பேன் ஆயிருச்சு. அது ரெண்டும் எப்பப் பிரிஞ்சுதுன்னு கண்டுபிடிச்சா, மனுசன் எப்பத் துணி உடுத்துனான்னு தெரிஞ்சுபோகும். எழுபதாயிரம் வருசம் இருக்கலாம்ங்கறாங்க. அத்தனை பழைய துணி எங்கயும் மிஞ்சலீங்க. பேன் மட்டும் மிஞ்சியிருக்குது!"

சொல்லச் சொல்ல அவள் கண் மின்னியது; கை தானாகத் தலையைச் சொறிந்தது.

ஓவர்லாக் மிஷினில் தைக்கும் உசிலம்பட்டி ஒச்சம்மாள் வாயைப் பிளந்தாள். "அப்ப, மொத மொதத் துணி உடுத்துன ஆளு தலையில இருந்த பேனோட வாரிசா எங்க தலையில இருந்துச்சு? அடியாத்தீ! அதையா நேத்து நசுக்கு நசுக்குன்னு நசுக்குனோம்?"

பெண்கள் தலையில் கைவைத்துக்கொண்டார்கள். ஒச்சம்மாள் மட்டும் சித்ரகலாவையே உற்றுப் பார்த்தாள்.

"ஏக்கா, நீங்க ஏன் வந்ததுல இருந்து சொறியிறீக?"

"பேனையே நெனச்சுட்டு இருக்கறதால—"

"அன்னைக்கு எங்க பக்கத்துலதானே படுத்தீக? குனிங்க."

கேட்டுக்கொண்டு இருக்கவில்லை ஒச்சம்மாள். பின்னலை அவிழ்த்து, வெள்ளைப் பனியன் துணி ஒன்றை விரித்து, பேன் சீப்பால் இழுத்தாள். கறுப்பாக ஒன்று விழுந்து ஓடியது. பின்னால் இன்னொன்று.

"இருக்குடீ!" என்று அவள் கத்திய கத்தலில் தெருநாய் குரைத்தது. சித்ரகலா துள்ளி எழுந்து ஒச்சம்மாளைக் கட்டிக்கொண்டாள். தன் தலையில் பேன் இருந்ததற்காக இப்படிக் குதித்த பெண்ணை அந்த விடுதி அதுவரை கண்டதில்லை. "அது எங்க ஊருப் பேனு", "இல்லடி, என் தலையில இருந்து போனது" என்று பெண்கள் சண்டைக்கே போய்விட்டார்கள். சித்ரகலா அவற்றை இடுக்கியால் எடுத்துக் குப்பியில் போட்டாள்.

போட்ட பிறகுதான் உறைத்தது. "ஒரு தலைதாங்க ஆச்சு," என்றாள், சுருதி இறங்கி. "ரெண்டு தலை வேணும்."

சாமியாத்தாள் எழுந்து போய்க் கதவைத் தாழிட்டாள். திரும்பி வந்து, சித்ரகலாவுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, கொண்டையை அவிழ்த்தாள்.

"புள்ளைங்க அல்லாத்துக்கும் நாந்தான் மருந்து வெச்சுவிட்டேன். எனக்கு வெச்சுவுடச் சொல்லி யாருகிட்டக் கேக்கறது? வார்டனுக்கே பேனான்னு சிரிப்பாங்களேன்னு கூச்சமுங்க," என்றாள் தரையைப் பார்த்தபடி. "நீங்க குதிச்சதப் பாத்ததும் அந்தக் கூச்சம் போயிருச்சு."

ஒருவரும் சிரிக்கவில்லை. ஒச்சம்மாள் சீப்பை மெதுவாக இழுத்தாள். துணியில் விழுந்ததைச் சித்ரகலா இடுக்கியால் எடுத்து இன்னொரு குப்பியில் போட்டாள்.

"கெடச்சுதுங்களா?" என்றாள் சாமியாத்தாள்.

"கெடச்சுதுங்கக்கா! கொங்குப் பேன்!"

சாமியாத்தாள் கூந்தலை அள்ளி முடிந்துகொண்டு எழுந்தாள். குப்பியை வாங்கி வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து நெடுநேரம் பார்த்தாள்.

"எழுபதாயிரம் வருசமுங்களா?" என்று கேட்டுவிட்டுக் குப்பியைத் திருப்பிக் கொடுத்தாள். "அப்ப இதுல என்ற பேரை எழுதிப்போடுங்க கண்ணு."