அறுக்காத வேட்டி

1

முதலில் வந்தது புத்தகத்தின் பெயர்: ‘நெசவில் மந்திரம் – ஓர் ஆராய்ச்சி’. அப்படி ஒரு புத்தகம் கிடையாது. எழுத உட்கார்ந்து எதுவும் வராத ஒரு பிற்பகலில் அதை எழுதிவைத்தேன். புத்தகம் என்றால் ஆசிரியர் வேண்டும். ஆவுடையப்பன் என்று ஒருவரை உண்டாக்கினேன். புதுக்கோட்டையில் ஓய்வுபெற்ற தமிழாசிரியர். துணிக்குள் மந்திரத்தை எப்படி நெய்கிறார்கள் என்று ஊர் ஊராகப் போய்த் தறிக்காரர்களைக் கேட்டார். 1940இல் சொந்தச் செலவில் அச்சிட்டார்.

[அவர் தோற்றத்தை வர்ணித்து ஒரு பத்தி எழுதி அடித்துவிட்டேன். களைத்த மனிதர். அது போதும்.]

2

கடைசி அத்தியாயம், பிரிந்து போனவருக்காக நெய்யும் துணி பற்றியது. கேட்டுச் சேர்த்த செய்திகள் பாதியில் நின்றுவிட்டன. அச்சுக்கூடத்தில் அவசரப்படுத்தினார்கள். அவருக்கும் அலுத்துவிட்டது. “உடுத்துபவர் திரும்பும்வரை துணியைத் தறியிலிருந்து அறுக்கலாகாது” என்று எழுதி முடித்தார். செவிவழிச் செய்தி என்று கீழே குறித்தார்.*

* யாருடைய செவி என்று ஒருவரும் கேட்கவில்லை.

3

1943. பொன்னமராவதிப் பக்கம் ஒரு தறிக்கார வீடு. சொர்ணவல்லியின் கணவன் ரங்கூனில் ஜவுளிக்கடையில் இருந்தான். ஜப்பான்காரன் ஊரைப் பிடித்தபின் தகவல் இல்லை. கொழுந்தன் வெள்ளைச்சாமி ஆறுதலுக்காக அந்த அத்தியாயத்தை அவளுக்கு வாசித்துக் காட்டினான்.

அவள் கணவனுக்கு ஒரு வேட்டி நெய்தாள். முடித்தாள். அறுக்கவில்லை.

வீட்டுக்கு ஒரே தறி. வேட்டியை அறுத்து இறக்கினால்தான் அடுத்த துணிக்கான பாவு நூலைப் பிணைக்க முடியும். ஆடியில் நின்ற தறி ஐப்பசியிலும் ஓடவில்லை. வீட்டில் இரண்டு பிள்ளைகள். [மூன்று என்றுதான் எழுதியிருந்தேன். பசிக்குப் பயந்து ஒன்றைக் குறைத்தேன்.]

வெள்ளைச்சாமி புதுக்கோட்டைக்கு வந்தான்.

“நீங்க எழுதினதுதானங்கய்யா? நீங்களே வந்து அறுக்கச் சொல்லுங்க. நான் சொன்னா, ‘நீயா புஸ்தகம் எழுதினே’ங்குது மதினி.”

ஆவுடையப்பன் கரியில் ஓடும் பஸ்ஸில் அவனோடு ஏறினார். போகும் வழியில் அவர்...

[வழியில் ஒன்றும் நடக்கவில்லை.]

4

“வாங்கய்யா,” என்றாள் சொர்ணவல்லி. தறியை விட்டு எழவில்லை.

“அந்த வரி நானா எழுதினதும்மா. யாரும் எனக்குச் சொல்லல. அறுத்துரு.”

“பொய்யா?”

“பொய்தான்.”

“கேட்டுக்கிட்டியா மதினி?” என்றான் வெள்ளைச்சாமி. “எழுதினவரே சொல்லிப்புட்டாரு. எந்திரி.”

“நீ பேசாத. அன்னைக்கி என்னமா இழுத்து இழுத்து வாசிச்ச, கூத்துக்காரன் கணக்கா.”

அவன் அங்கிட்டுத் திரும்பிக்கொண்டான். அவள் ஆவுடையப்பனைப் பார்த்தாள்.

“அவரு வரமாட்டாருன்னு சொல்லத்தான் இம்புட்டுத் தூரம் வந்தீங்களா?”

அதைச் சொல்ல அவர் வரவில்லை. இல்லை என்று மறுக்க வாயெடுத்தார். மறுத்தால் வேட்டி தறியிலேயே கிடக்கும்.

“அதாவதும்மா, உன் வீட்டுக்காரர்...”

[இந்த வாக்கியத்தைப் பல விதமாக முடித்துப் பார்த்தேன். அவர் வாயில் எதுவும் நிற்கவில்லை.]

அவள் கத்தியை எடுத்து அவர் கையில் கொடுத்தாள்.

“எழுதின கைதானே. நீங்களே அறுங்க.”

5

முடிவுகள்.

அவர் அறுக்கிறார். தறி ஓடுகிறது, அடுப்பு எரிகிறது. அவள் வெள்ளை உடுத்திக்கொள்கிறாள்... இதற்கு மேல் எழுதவில்லை.

அவர் கத்தியை வைத்துவிட்டுப் பஸ் ஏறுகிறார். பிள்ளைகளில் சின்னது... இதையும் விட்டுவிட்டேன்.

மூன்றாவது சுலபம். வாசலில் ஆள் அரவம். “அண்ணே!” என்று வெள்ளைச்சாமி ஓடுகிறான். ஒரு வரி போதும், ரங்கூனிலிருந்து ஆள் வந்துவிடுவான். எழுதினேன். எழுதியதை வாசித்தேன். ஆவுடையப்பனும் இப்படித்தான், அலுத்துப்போய், ஒரு வரி எழுதினார். அடித்துவிட்டேன்.

கத்தி இன்னும் அவர் கையில் இருக்கிறது. உள்ளே பிள்ளை சோறு கேட்கிறது. வீட்டுக்காரர் வருவாரா மாட்டாரா என்று சொர்ணவல்லி பார்த்துக்கொண்டிருக்கிறாள். ஆவுடையப்பனுக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது.

உங்களுக்குத் தெரியுமென்றால் சொல்லுங்கள். என்னிடம் வேண்டாம். அவளிடம், அவள் முகத்தைப் பார்த்து.