பத்தியில் உள்ளது மட்டும்

மூன்றாம் கேள்வி மறுபடியும் தப்பு. ஜெயூன் சார் அதன் மேல் சிவப்பில் ஒரு சாய்கோடு இழுத்துவிட்டுத் தாளை என் பக்கம் தள்ளினார். சார் என்றால் என் மகளைவிடச் சின்னவர்தான். பல்கலைக்கழகத்தில் படித்துக்கொண்டே, பள்ளிக்கூடம் முடிக்காத எங்களுக்கு ஞாயிறுதோறும் சம்பளம் வாங்காமல் பாடம் எடுக்கிறார். எங்களிடம் மாட்டிக்கொண்டு முழிக்க வேண்டும் என்று அவர் தலையெழுத்து. உயர்நிலைத் தகுதித் தேர்வில் மற்றப் பாடங்களையெல்லாம் தாண்டிவிட்டேன். கொரிய மொழி மட்டும் இரண்டு முறை என்னைக் கவிழ்த்துவிட்டது. வருகிற சனிக்கிழமை மூன்றாவது தடவை. எதுவரை படித்தாய் என்று யாராவது கேட்டால் பேச்சை மாற்றி மாற்றியே அறுபது வயதைத் தாண்டிவிட்டேன். போதும்.

இந்தக் காலத்தில் வரலாற்றை எப்படி ஆராய்கிறார்கள் என்பதைப் பற்றிய பத்தி அது. முன்பு அரண்மனை ஏடுகளை மட்டும் புரட்டினார்களாம். இப்போது ஆலைப் பெண்களிடமும் மீன் விற்பவர்களிடமும் உட்கார்ந்து கதை கேட்கிறார்களாம். சொல்பவரின் நினைவு தப்பாக இருந்தாலும் தூக்கி எறிவதில்லையாம். அது ஏன் அப்படித் தங்கியது என்று கேட்பார்களாம். பத்தியோடு பொருந்தாதது எது என்பது கேள்வி. 'தவறான நினைவு வரலாற்றுக்கு உதவாது' என்பதுதான் விடையாம். எனக்கோ அந்தத் தாளிலேயே அதைவிட நியாயமான வாக்கியம் வேறு இல்லை. அதை விட்டுவிட்டு வேறொன்றைக் குறித்திருந்தேன்.

"அம்மா, உங்க கருத்த யாரும் கேக்கலம்மா. பத்தி என்ன சொல்லுதோ அதுதான் விடை," என்றார் சார்.

"பத்தியே தப்பாச் சொன்னா?"

"அப்பவும் பத்திதாம்மா."

வகுப்பே சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. காரணம் மால்சுன்.

பூசான் செருப்பு ஆலையில் நானும் மால்சுன்னும் ஒரே அறையில் இருந்தவர்கள். ஒரு குளிர்காலத்தில் அவளுக்குக் கடும் ஜுரம். அப்போது கஞ்சி காய்ச்சி ஊட்டியது நான்தான் என்று, நாலு பேர் கூடும் இடத்திலெல்லாம் சொல்லிக்கொண்டிருப்பாள். ஊட்டியது அடுத்த அறையில் இருந்த கொஜே தீவுப் பெண். நான் அன்று இரவு வேலையில் பசை தடவிக்கொண்டிருந்தேன். செய்யாத காரியத்துக்கு நன்றி வாங்கினால் எனக்கு உடம்பு கூசும். அதனால் அவள் சொல்லும்போதெல்லாம் திருத்துவேன். அவளும் கேட்டதே இல்லை.

தேர்வுக்கு முதல் நாள் அவள் சளியும் இருமலுமாகப் படுத்திருப்பதாகத் தெரிந்து, தொடுகறிகளை டப்பாவில் போட்டுக்கொண்டு போனேன். போர்வைக்குள் இருந்தபடியே பழைய கதையை ஆரம்பித்தாள். திருத்தத்தான் வாயைத் திறந்தேன். அந்தப் பாழாய்ப்போன பத்தி குறுக்கே வந்து நின்றது.

"ஏண்டி, அது நான்தான்னு உனக்கு ஏன் தோணுது?"

இத்தனை வருஷத்தில் நான் இதைக் கேட்டதே இல்லை.

"ஊட்டுனது யாருன்னு நான் எங்கடி பாத்தேன்? ஜுரத்துல கண்ணே தொறக்கல. தொறந்தப்போ நீதான் இருந்தே. வேலை உடுப்பக்கூட மாத்தாம, சுவத்துல சாஞ்சு தூங்கிட்டிருந்தே. கையெல்லாம் பசை நாத்தம். என் கைய மட்டும் விடல."

எனக்கு அது துளிகூட நினைவில்லை. கஞ்சிக்காக இவ்வளவு காலம் வாதாடியிருக்கிறேன். நான் தொலைத்ததை இவள் பத்திரமாக வைத்திருந்திருக்கிறாள். கேட்கச் சொல்லிக் கொடுத்த சாருக்கா, பத்தியை எழுதிய முகம் தெரியாத மனிதருக்கா, இவளுக்கா, யாருக்கு முதலில் நன்றி சொல்வதென்று தெரியாமல் மனது நிறைந்துபோய் உட்கார்ந்திருந்தேன். பிறகு எழுந்து போய் அரிசியைக் களைந்தேன்.

தேர்வு நெருங்கிய வீட்டில் எங்கள் ஆட்கள் கஞ்சிப் பக்கமே போகமாட்டார்கள். தேர்வில் கோட்டை விட்டவனைக் 'கஞ்சி காய்ச்சிவிட்டான்' என்றுதான் சொல்வோம். குடிப்பதே ஆகாது என்கிறபோது காய்ச்சுவதைக் கேட்கவே வேண்டாம்.

"ஏ ஜொம்நாம், நாளைக்குப் பரீட்சைய வச்சுக்கிட்டு என்னடி பண்றே? அடுப்ப அணை," என்று உள்ளேயிருந்து கத்தி, இருமினாள்.

"பேசாமப் படு."

அடிப்பிடிக்காமல் கிண்டி, கிண்ணத்தில் ஊற்றி எடுத்துப் போனேன். விடாத இருமலில் அவளால் கரண்டியைப் பிடிக்க முடியவில்லை. நானே ஊட்டினேன். கண்ணை மூடிக்கொண்டு விழுங்கினாள்.

"அன்னைக்கும் இதே ருசிதான்டி," என்றாள்.

நான் அடுத்த கரண்டியை எடுத்து ஊதினேன்.