சிவப்புப் பட்டன்

வாசலில் கால் வைத்ததுமே டார்லா முகத்தைச் சுளித்தாள். அமெரிக்காவில் ஓஹையோ மாநிலத்தின் அந்தச் சின்ன ஊரில், டயர் கடை மாடியில் ஸ்லெட்ஜ் எஃப்எம் தொடங்கி நாற்பது வருஷமாம், அதற்கு விழாவாம். கார் விற்பவன், பீர் விற்பவன், மெத்தை விற்பவன் எல்லோரும் காசைக் கொட்ட, கிடார் அலறலுக்கு நடுவே விளம்பரம் அலறிய ராக் இசை ரேடியோ நிலையம். பெண்களை நிற்க வைத்துத் தண்ணீர் ஊற்றி நடத்திய ஈரச்சட்டைப் போட்டியைப் "பொற்காலம்" என்று படம் போட்டுச் சுவரில் மாட்டியிருந்தார்கள். தூ! மூன்று முதலாளி கைமாறி இப்போது டெக்சஸ் கம்பெனிக்குச் சொந்தம். பாட்டைத் தேர்ந்தெடுப்பதுகூடக் கம்ப்யூட்டர்தான். மாறாதது காலை நிகழ்ச்சியும் அதை நடத்தும் டைனமைட் டீனும் மட்டுமே.

டீனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பன்னிரண்டு வருஷம் சிரித்தவள் டார்லா. வேலையே அதுதான். நடுவில் வானிலை சொல்வாள். மற்ற நேரமெல்லாம் அவன் அவளுடைய இடுப்பையும் விவாகரத்தையும் கேலி பண்ணுவான், அவள் விழுந்து விழுந்து சிரிக்க வேண்டும். ஊரே அந்தச் சிரிப்பைக் கேட்டுக்கொண்டுதான் பல் தேய்த்தது. அவள் லீவு போட்டால் நிகழ்ச்சி சப்பென்று ஆகிவிடுகிறதென்று, அந்தச் சிரிப்பைத் தனியாகப் பதிவு செய்து ஒரு சிவப்புப் பட்டனில் போட்டு வைத்திருந்தான் டீன்; அமுக்கினால் சிரிக்கும்.

பல வருஷம் முன்பு ஒரு ஜனவரி விடியலில் அக்கா ஜெனின் போன் பண்ணினாள், அம்மாவுக்கு முடியவில்லை என்று. "இதோ வர்றேன்க்கா" என்று நிலையத்துக்கு லீவு சொல்லிவிட்டுக் கிளம்பினாள் டார்லா. பாதி வழியில் பனி சறுக்கி, கார் பள்ளத்தில் இறங்கிவிட்டது. அக்கா வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தபோது அம்மா போய்விட்டிருந்தாள்.

அக்கா வாசலிலேயே மறித்தாள். "எதுக்குடி வந்த? அம்மா மூச்சு இழுத்துக்கிட்டுக் கெடக்கா, நீ ரேடியோவுல கெக்கெக்கேன்னு சிரிக்கிற!"

"அக்கா, அது நான் இல்ல. பட்டன். நான் வழியில பள்ளத்துல கெடந்தேன்."

"பட்டன் சிரிக்குமா? யார்கிட்டடி கத விடுற?"

அதோடு சரி. அக்கா பேச்சை நிறுத்திவிட்டாள். அது பதிவுதான் என்று ஒரு வார்த்தை ரேடியோவில் சொல்லச் சொல்லி டார்லா டீனிடம் கெஞ்சாத கெஞ்சல் இல்லை. "தொழில் ரகசியம் செல்லம், மானம் போயிடும்" என்றான். அவனுக்கு மானம்! அன்றைக்கே வேலையை விட்டாள்.

இப்போது விழாவுக்கு அழைத்தபோதும் அதே ஒரு வார்த்தையைத்தான் கேட்டாள். "சொல்லிட்டாப் போச்சு, வா" என்றான் டீன். அதை நம்பி, பத்து மணி நிகழ்ச்சியைக் கேட்கும்படி அக்காவுக்கும் செய்தி அனுப்பியிருந்தாள்.

ஸ்டுடியோவில் அவன் பூசியிருந்த சென்ட் மூக்கைத் துளைத்தது. சிவப்பு விளக்கு எரிந்தது, நேரலை.

"மக்களே, யாரு வந்திருக்கா பாருங்க! நம்ம டார்லா! ஆளு முன்னால வந்துட்டா, இடுப்பு இன்னும் வண்டியிலேருந்து இறங்கிக்கிட்டிருக்கு!"

கிழடாகியும் அதே நாற்ற ஜோக். டார்லா வாயை இறுக்கினாள். "டீன், ஒண்ணு சொல்றேன்னியே, அதச் சொல்லு."

"என்னத்தச் சொல்ல? அழகு கூடிடுச்சுன்னா?" கண்ணடித்தான். அவள் சிரிக்கவில்லை. மைக்கில் மௌனம் நீண்டது. ரேடியோக்காரனுக்கு அதைவிடப் பெரிய சாவு கிடையாது. அவன் விரல், பழக்கதோஷம், பட்டனுக்குப் போனது.

கிளுகிளுவென்று சிரித்தாள் அந்தப் பழைய டார்லா.

அது ஓடிக்கொண்டிருக்கும்போதே இந்த டார்லா மைக்கைப் பிடித்து இழுத்தாள். "அக்கா, கேக்குதா? ஒரே வாயால ஒரே நேரத்துல சிரிக்கவும் பேசவும் முடியுமா? இதுதான் அந்தப் பட்டன்! இந்தப் பொறுக்கி அன்னைக்கும் இதத்தான் அமுக்கினான்!"

டீன் பதறிப் பாட்டைப் போட்டான். அவள் எழுந்து வெளியே வந்து, காருக்குள் உட்கார்ந்தாள். போன் அடித்தது.

"டார்லா..." அக்காதான். "அப்ப நீ நெசமாவே பள்ளத்துலதான் கெடந்தியா?"

"ஆமாக்கா."

"பாவி நான். உன்னைய வாசல்லயே நிறுத்திட்டேனே." கொஞ்ச நேரம் அழுதாள். "ஒண்ணு உங்கிட்டச் சொல்லவே இல்லடி. அம்மாவுக்கு அப்ப நெனவு இருந்துச்சு. ரேடியோவுல உன் சிரிப்பு வந்ததும் கண்ணத் தொறந்தா. 'நம்ம டார்லாடி, சத்தத்தக் கூட்டு'ன்னா. அதுதான் அவ கடைசியாப் பேசினது. ஆத்திரத்துல உங்கிட்ட மறைச்சுட்டேன்."

டார்லா போனை வைத்துவிட்டு வண்டியைக் கிளப்பினாள். ரேடியோ தானாக உயிர் பெற்றது. வெட்கங்கெட்டவன், நடந்ததையே ஜோக்காக்கி மறுபடி பட்டனை அமுக்கிக்கொண்டிருந்தான். அணைக்கத்தான் கையை நீட்டினாள். வாய்க்குள் வந்த கசப்பை விழுங்கிக்கொண்டு, சத்தத்தைக் கூட்டினாள்.