ஒரு மூட்டை தூரம்

கொச்சங்காடி சுக்குக் கிடங்கில் கற்பகம் வேலைக்குச் சேர்ந்து ஆறு வருஷமாகிறது. அவள் சுக்கு புடைப்பாள். அவள் புருஷன் இசக்கிராஜா அங்கேயே மூட்டை தூக்குவான். வீட்டில் வாய் ஓயாமல் பேசுகிறவன், கிடங்கு வாசலை மிதித்ததும் அவளை யாரோ போலக் கடந்து போவான். ஆட்கள் கேலி பேசுவார்களாம். சாயாவைக்கூட எதிர்ப்பக்கம் நின்றுதான் குடிப்பான்.

களமசேரியில் படிக்கிற தன்யா குறும்படம் எடுக்க வந்தபோது, கற்பகம்தான் முதலில் சரி என்றாள். படத்தில் கதை கிடையாது, பேச்சும் கிடையாது. கிடங்கின் இரு கோடியிலிருந்து இரண்டு பேர் எதிரெதிரே நடந்து வர வேண்டும். நிற்கிற இடத்தில் தன்யா சாக்பீஸால் கோடு போடுவாள். இத்தனை பேர் பார்க்க இந்த மனுஷன் எதுவரை வருவார்? கற்பகத்துக்கு அது தெரிந்தாக வேண்டியிருந்தது.

"மனசு போதும்னு சொல்லுற இடத்துல நின்னா மதி, சேச்சி," என்றாள் தன்யா, மலையாளம் கலந்து. மதி என்றால் போதும்.

முதலில் மூட்டை தூக்குகிற சங்கிலிப்பாண்டியும் நல்லசிவமும் நடந்தார்கள். மூன்றடி இடைவெளியில் நின்றார்கள். அடுத்து வந்த சுமைக்காரர் இருவரும் அதே மூன்றடி. தன்யா அளந்து பார்த்து, சொல்லி வைத்து நிற்கிறீர்களா என்று கேட்டாள்.

பிறகு ஒரு கோடியிலிருந்து கற்பகம் நடந்தாள். எதிர்க்கோடியிலிருந்து இசக்கிராஜா தரையைப் பார்த்தபடியே வந்தான். அவனும் மூன்றடியில் நின்றுவிட்டான். கற்பகத்துக்கு முகம் சுண்டிப்போயிற்று. பிறகுதான் அவன் கைகளைக் கவனித்தாள். விரல்கள் மடங்கியிருந்தன, மூட்டையின் இரண்டு முனையைப் பிடிக்கிற மாதிரி. ஒருவரை நோக்கி ஒருவர் நடந்தால் இந்தச் சுமைக்காரர்களுக்கு நடுவில் எப்போதும் ஒரு மூட்டை கிடக்கும். நின்றது மனசு இல்லை, கால்.

பேசக்கூடாது என்பது அவளுக்கு மறந்துபோயிற்று.

"நடுவுல மூடை ஒண்ணும் இல்லையே. வாங்களேன்."

"ஏல இசக்கி, கை கொடுக்கணுமா?" என்றான் சங்கிலிப்பாண்டி. கிடங்கே சிரித்தது.

இசக்கிராஜா வெறும் தரையைப் பார்த்தான். அவனுக்கும் சிரிப்பு வந்தது. மூன்றடியையும் நடந்து வந்து, அவள் புருவத்தில் படிந்திருந்த சுக்குத் தூளைக் கட்டைவிரலால் துடைத்தான். கோடு போட இடமில்லாமல் தன்யா சாக்பீஸோடு நின்றாள். பேச்சு விழுந்ததற்காகத் திரும்ப எடுக்க வேண்டாம், அது இருக்கட்டும் என்றாள்.

சாயா நேரத்தில் அவன் இரண்டு கிளாஸோடு பெண்கள் பக்கம் வந்தான்.

"கொஞ்சம் தள்ளி உக்காரு."

கற்பகம் நகர்ந்தாள், ஓர் ஆள் உட்காரத் தேவையானதைவிடக் கொஞ்சம் குறைவாக.