கூரையைத் தாங்கும் நாடகம்

இயக்குநர் ‘கட்’ சொல்லும்போதெல்லாம் படப்பிடிப்புக் கூடத்தின் கூரை ஒரு சாண் கீழே இறங்கியது. தொலைக்காட்சிக்காக அவர் படமாக்கிய பழைய மேடை நாடகத்தில் இரண்டு பேர் ஒரு கூரையைக் கையால் தாங்கிக்கொண்டு, தொலைந்துபோன செருப்பைப் பற்றிப் பேசுவார்கள், அவ்வளவுதான் கதை. மேடையில் அவர்களுக்கு மேலே வெறும் காற்று, நடுவில் இடைவேளையும் கிடையாது. அதனால் இத்தனை வருடமாக ஒரு தொந்தரவும் வந்ததில்லை. தொலைக்காட்சியிலோ விளம்பரத்துக்காக அங்கங்கே நிறுத்தியாக வேண்டும். நடிகர்கள் தூக்கிய கையை இறக்கினால் கூரையும் இறங்கும். முதல் வாரத்திலேயே அது அவர்கள் கைக்கு எட்டிவிட்டது. பொறியாளர் வந்து தட்டிப் பார்த்தார், விரிசல் எதுவும் இல்லை என்றார், டீ குடித்துவிட்டுப் போனார்.

கூரையைக்கூட இயக்குநர் பொறுத்துக்கொண்டார். காலி நாற்காலிகளுக்கு முன்னால் போட்டுப் போட்டுச் சலித்த நாடகம், ஒரு தடவையாவது உள்ளது உள்ளபடி வீடுகளுக்குப் போய்ச் சேர வேண்டும். அவருக்கு வேண்டியது அதுதான். தொலைக்காட்சியின் நிகழ்ச்சி மேலாளர்தான் உயிரை வாங்கினார்.

“எல்லாம் சரி சார். எதுக்குத் தாங்குறாங்க? ஜனங்க கேப்பாங்கல்ல?”

“தாங்கலன்னா விழுந்துடும் சார்.”

“அது தெரியுது. ஒரு குடும்பப் பகை வைங்க. மச்சான் தூணை அறுத்துட்டான்னு ஒரு வரி போதும்.”

இயக்குநர் பல்லைக் கடித்துக்கொண்டு அந்த வரியைச் சேர்த்தார். நடிகர் அதைச் சொல்லி முடித்ததும் கூரை இரண்டு மடங்கு கனத்தது. விளக்குக்காரரும் ஒப்பனைக்காரரும் ஓடிவந்து முட்டுக்கொடுத்தார்கள். இயக்குநருக்கு ஆத்திரத்தில் அழுகையே வந்துவிட்டது. வரியை அடித்துப்போட்டார். இனி இங்கே எவனும் கட் சொல்லக் கூடாது என்று கத்திவிட்டு கேமராவை ஓடவிட்டார்.

நாடகம் முடிந்தது, ஆனால் நிறுத்த முடியவில்லை. நடிகர்கள் செருப்பைப் பற்றி மறுபடி முதலிலிருந்து பேசினார்கள். மேலாளர் தலையில் அடித்துக்கொண்டு, எந்த விளம்பரமும் வராத நேரத்தில் அதை நேரடியாக ஒளிபரப்பினார். ஒரு நடிகருக்குக் காய்ச்சல் வந்ததும் இயக்குநரே அவர் இடத்தில் நின்றார். வீடு தங்காத மனிதரை நாலு கேள்வி கேட்டுவிடுவது என்று, ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருக்கும் மனைவி கிளம்பி வந்தாள். வந்தவள் அவர் கூரையைத் தாங்கி நிற்பதைப் பார்த்தாள். பையைக் கீழே வைத்துவிட்டுக் கூரைக்குக் கை கொடுத்தாள்.

“நகருங்க. நீங்க புடிக்கிற விதமே தப்பு. போய்ப் படுங்க.”

அந்த வருடக் கடைசிக்குள் அவள் எல்லாருக்கும் ஷிப்ட் பிரித்துக் கொடுத்துவிட்டாள். இப்போது டிவியில் பார்க்கிறவர்களும் வேலைக்குப் போகிற வழியில் வந்து கொஞ்ச நேரம் தாங்கிவிட்டுப் போகிறார்கள். மேலாளருக்கு வியாழக்கிழமை மதியம்.