கழுவிய தொட்டி

கடலடிச் சேறு, பனிமலை, வெந்நீர் ஊற்று என்று உலகம் முழுக்க உள்ள நுண்ணுயிர்களின் மரபணுவை வாசித்துப் பட்டியல் போடும் ஆராய்ச்சியில் நானும் ஒருத்தி. என் பங்கு விருத்தாசலம். ராஜாங்கத்தின் செராமிக் பொம்மை யூனிட்டில் மண்ணை மாதக்கணக்கில் ஊறப்போடும் தொட்டி.

போன வருடம் அங்கே எடுத்த ஒரு பிடி மண்ணில், எந்தப் பட்டியலிலும் இல்லாத ஒரு பாக்டீரியா கிடைத்தது. எனக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை. என் கைடு மட்டும் அசையவில்லை. "உன் கையிலேர்ந்துகூட ஒட்டியிருக்கலாம் கயல்விழி. அதே தொட்டியிலேர்ந்து இன்னொரு தடவை எடுத்துட்டு வா. அப்பவும் இருந்தா நம்பறேன்" என்றார். மூன்று வருட உழைப்பு அந்த ஒரு பிடி மண்ணை நம்பி நின்றது.

வருகிறேன் என்று முன்கூட்டியே போன் செய்தேன். அதுதான் நான் செய்த தப்பு.

ராஜாங்கம் வாசலுக்கே வந்து டீ கொடுத்தார். "நீங்க வர்றீங்கன்னு பழைய மண்ண பூரா வாரிக் கொட்டிட்டு, பிளீச்சிங் பவுடர் போட்டுத் தேய்ச்சாச்சுங்க. தொட்டி பளிச்சின்னு இருக்குது பாருங்க!"

பிளீச்சிங் பவுடர் பட்டால் மரபணு சிதைந்துவிடும். கொட்டிய மண்ணின் மேலும் தூவியிருந்தார்கள், நாற்றம் வரக்கூடாதாம். டீ கொடுத்தவரைத் திட்ட வாய் வரவில்லை. தொட்டியைத் தேய்த்த பிரஷ்ஷோடு நின்ற, அங்கே வேலை செய்யும் அம்சவல்லியைத்தான் பிடித்துக் கத்தினேன்.

ராஜாங்கம் உள்ளே போனதும், அம்சவல்லி பொம்மை அச்சு அலமாரிக்குப் பின்னாலிருந்து ஈரச்சாக்குப் பொட்டலம் ஒன்றை எடுத்து வந்தார்.

"கழுவுறதுக்கு முன்னாடியே ஒரு உருண்டை எடுத்து வெச்சிட்டேங்க. பழசு சேக்காம புது மண்ணு பதத்துக்கு வராது. மொதலாளி இத நம்ப மாட்டாரு."

"இது எத்தனை வருஷத்து மண்ணு?" மாதிரி எடுக்கும்போது நிரப்பும் படிவத்தில் அப்படி ஒரு கேள்வி உண்டு.

"நான் வந்து பத்தொம்பது வருஷமா எடுத்து வெக்கிறேன். எனக்கு முன்னாடி பூவாயி அக்கா வெச்சிக்கினு இருந்தாங்க. அதுக்கு முன்ன தெரியலைங்க."

உருண்டையைக் கம்பியால் அறுத்து, எனக்குப் பாதி, தொட்டிக்குப் பாதி என்று பிரித்தார். கத்தியதை நினைத்து எனக்கு வெட்கமாக இருந்தது. ஐஸ் பெட்டியை மூடும்போது ராஜாங்கம் பார்த்துவிட்டார். "தூக்கிப் போடச் சொன்னத ஒளிச்சி வெச்சியா?" என்று அவர் ஆரம்பித்தார். ஐஸ் கரைந்துவிடுமே என்று நான் பஸ்ஸைப் பிடிக்க ஓடினேன்.

இரண்டு மாதம் கழித்து முடிவு வந்தது. அதே பாக்டீரியா. கைடு நம்பிவிட்டார். நான் துள்ளிக் குதித்து முதலில் அம்சவல்லிக்குத்தான் போன் செய்தேன்.

"சந்தோசங்க" என்றவர் கொஞ்சம் தயங்கினார். "மொதலாளிகிட்டயும் நீங்களே ஒரு வார்த்த சொல்லிடுங்க. நீங்க போன அன்னிக்கே என்னை வேலைய விட்டு நிறுத்திட்டாரு. பாதி உருண்டை என் வூட்லதான் இருக்குது. தெனமும் தண்ணி தெளிச்சிக்கினு வரேன்."