பங்குக் கிணறும் நத்தைக்கல்லும்

விக்கிரமங்கலத்துக்குக் கிழக்கே இருந்த அந்தப் பங்குக் கிணற்றில் தண்ணீரைவிட வசவுதான் அதிகம் ஊறியது. அது ஆரோக்கிய செல்விக்கும், செத்துப்போன அவள் கணவனின் தம்பி சவரிராஜுக்கும் பொது. காலை ஆறிலிருந்து ஒன்பது வரை அவள் முறை. ஒன்பதிலிருந்து பன்னிரண்டு வரை அவன் முறை. முறைக்காரர் நேரத்துக்கு வந்து சுவிட்சைத் தொடாவிட்டால் அன்றைய தண்ணீர் மற்றவருக்கு. ஊர்ப் பெரியவர் நல்லதம்பி இதை எழுதி இருவரிடமும் கையெழுத்து வாங்கியிருந்தார்.

2002-இல் ஐப்பசி பிறந்தும் மழை எட்டிப் பார்க்கவில்லை. ஞாயிறு பூசை முடிந்து எல்லாரும் செருப்பு மாட்டிக்கொண்டிருந்தபோது, ஆம்பளை இல்லாத வயலில் பருத்தி வெடிக்காது என்று சவரிராஜ் சொல்லிவிட்டான். செல்விக்கு உச்சந்தலை வரை ஏறியது.

"இந்தப் பருத்தி வூடு வந்து சேரலேன்னா கிணத்துப் பங்கை ஒங்களுக்கே எழுதித் தரேன் தம்பி. ஊரே சாட்சி."

அவன் சிரித்துக்கொண்டே சைக்கிளை எடுத்தான். போனது சுண்ணாம்புக்கல் பள்ளத்துக்கு.

அங்கே அகப்படும் நத்தைக்கல்லை அறியாதவர் அந்தச் சீமையில் கிடையாது. இந்த நிலமெல்லாம் கடலாக இருந்தபோது செத்த நத்தை, தான் வாழாமல் விட்ட காலம் அத்தனையையும் சுழிக்குள் அடைத்துக்கொண்டு கல்லாகியிருந்தது. வலஞ்சுழி வானம் பார்த்தால் காலம் பாயும். புரட்டினால் அதே சுழி இடஞ்சுழியாகும், காலம் ஊரும். செங்குத்தாக நிறுத்தினால் வெறும் கல். மண்ணில் புதைத்தால் வயல் முழுக்கப் பரவும், கையில் பிடித்தால் பிடித்தவரோடும் அவர் தோலைத் தொட்டவரோடும் சரி. பூலாம்பாடியில் ஒரு டீக்கடைக்காரர் அவசரத்துக்கு இதைப் பால்குண்டானுக்கு அடியில் புதைத்தார். பால் தயிராகி, மோராகி, வெண்ணெயாகி, நெய்யாகி, கடைசியில் குண்டானும் துருவாக உதிர்ந்தது. கடைக்காரர் கல்லாவில் உட்கார்ந்தபடியே தாத்தாவானார்.

ஒரு வாரத்தில் செல்வியின் பருத்தி தலை தொங்கியது. களை பிடுங்கிவிட்டு நிமிர்வதற்குள் பிடுங்கிய இடத்தில் முழங்கால் உயரத்துக்கு மறுகளை நின்றது. ஒரு மணி நேர வேலைக்கு ஒரு பகல் பசி. கை நகம் அரிவாள் போல வளைந்திருந்தது. அப்போதுதான் அவளுக்கு உறைத்தது: வயலில் காலம் பாய்கிறது. தினம் தண்ணீர் விட்டாலும் செடிக்குப் பத்து நாளைக்கு ஒரு தடவைதான்.

சனி மூலையில் மண் மேடாகக் கிடந்த இடத்தைத் தோண்டினாள். இட்டலித் தட்டு அளவில் ஒரு நத்தைக்கல். அடியில் ஆணியால் கீறிய சிலுவை. சவரிராஜ் மண்வெட்டியில், மாட்டுக் கொம்பில், மனைவி ஏஞ்சல் மேரியின் தோசைக்கல்லில்கூட அதைக் கீறி வைப்பவன். இன்னும் இரண்டு நாள் போயிருந்தால் பருத்தியும் கிணறும் சேர்ந்தே போயிருக்கும். அவள் கல்லைச் செங்குத்தாகவே பிடித்துப் போய் மோட்டார் ரூம் சுவரோரம் சாத்தி நிறுத்திவிட்டு, நல்லதம்பிக்கு ஆள் அனுப்பினாள்.

நல்லதம்பி வந்து சேர்ந்தார். ஒன்பதுக்கு ஐந்து நிமிடம் இருக்கும்போது சவரிராஜ் வந்தான். வழியில் கிடந்த கல், யாருடையதென்று தெரியவில்லை, நல்லதம்பி அண்ணனே எடுத்துக்கொள்ளட்டும் என்றாள் செல்வி. அவனுக்குப் பொறுக்கவில்லை, கல்லைத் தூக்கிக்கொண்டான்.

"ஒங்களுதுன்னு என்ன அத்தாட்சி தம்பி?" என்று கேட்டபடி செல்வி இரண்டடி பின்னால் போனாள்.

"அடியில சிலுவை போட்டிருக்கேன்," என்றான். ஆத்திரத்தில், கையில் இருப்பது என்ன கல் என்பதே மறந்துபோனது. சிலுவை வெயிலில் தெரியும்படி திருப்பினான். "பா..."

இடஞ்சுழி வானம் பார்த்தது. சவரிராஜ் நின்றுவிட்டான். சுவிட்சுக்கு இரண்டு முழம் தள்ளி, வாய் திறந்தபடி.

நல்லதம்பி கைக்கடிகாரத்தைப் பார்த்தார். ஒன்பது அடித்ததும் செல்விக்குத் தலையாட்டினார். பக்கத்து வயல்காரிக்குக் குழி தோண்டியவனுக்குப் பரிந்து பேச அவருக்கு மனமில்லை. தோலைத் தொட்டவரையும் கல் பிடிக்கும் என்பதால் வேறு யாரும் கிட்டே போகவில்லை. அவன் முழங்கையை நக்கிய ஆடு ஒன்று நாக்கை நீட்டியபடி கார்த்திகை முழுக்க நின்றது. ஏஞ்சல் மேரி வந்து ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தாள். வீட்டில் சத்தமில்லாமல் தூங்கிப் பல வருஷமாயிற்று என்று சொல்லிவிட்டுப் போனாள்.

ஆறு மணி நேரத் தண்ணீரும் செல்விக்கே பாய்ந்தது. மார்கழியில் அவன் வாயிலிருந்து "ரு" வந்தது. தோல் படாமல் அவன் முண்டாசில் கூடு கட்டிய காக்கை இரண்டு ஈடு குஞ்சு பொரித்தது. பருத்தி வெடித்ததோ, ஏலாக்குறிச்சிக்குப் பஸ்ஸில் போகிறவர்கள் வெள்ளம் வந்துவிட்டதென்று காலைத் தூக்கிக்கொள்ளும் அளவுக்கு வெள்ளை.

மாசியில் ஒரு நாள் "ங்க" வந்து சேர்ந்தது. கல் கையிலிருந்து நழுவி விளிம்பில் உருண்டு கிணற்றுக்குள் விழுந்தது. எதிரே கடைசி மூட்டையோடு வண்டி கிளம்பிக்கொண்டிருந்தது. சவரிராஜ் தலையிலிருந்த கூட்டைத் தட்டிவிட்டுச் சுவிட்சை நோக்கிப் பாய்ந்தான். செல்வி குறுக்கே வந்து நின்றாள்.

"என் முறை அண்ணி."

"நூத்திப் பத்து நாளா பக்கத்துலயேதான நின்னீங்க? கைதான் எட்டல."

"இன்னைக்கு என் முறை."

செல்வி, மூட்டை எண்ண வந்திருந்த நல்லதம்பியின் கையைப் பிடித்துக் கடிகாரத்தைத் திருப்பிப் பார்த்தாள்.

"ஒம்பதே கால் ஆச்சு தம்பி."

சுவிட்சைத் தட்டினாள். காய்ந்து நின்ற வெறும் பருத்திமாறுக்குத் தண்ணீர் சளசளவென்று பாய்ந்தது.